டி.எஸ். பாலையா: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய தமிழ்ப் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் பாலையாவின் பெயரை எடுக்காமல் என்னால் இருக்க முடியாது. எடுத்தவுடன் வருகிற கேள்விகளும் பெரும்பாலும் ஒன்றாகவே இருக்கும். கதாநாயகர்களைப் பற்றி ஏராளமாக எழுதியிருக்கிறார்கள். அவர்களுக்கு எதிரில் நின்று அந்தக் காட்சியைத் தாங்கியவர்களைப் பற்றி அவ்வளவு இல்லை. அதனால் இந்தக் கேள்விகளை ஓரிடத்தில் தொகுத்திருக்கிறேன். கேட்டவர்கள் கேட்ட விதத்திலேயே கேள்விகள் இருக்கின்றன. எளிய சந்தேகங்கள் முதலில், வாதத்துக்கு இடம் தருபவை பின்னால்.

பாலையான்னா யாருங்க? பேரு கேட்ட மாதிரி இருக்கு, முகம் ஞாபகம் வரல.

'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் பேய்க்கதை சொல்ல, எதிரில் உட்கார்ந்து நடுங்கிக்கொண்டே கேட்பாரே ஒரு பெரியவர், அவர்தான். 'திருவிளையாடல்' (1965) படத்தில் பாண்டிய நாட்டையே இசைப் போட்டிக்கு அழைக்கும் ஹேமநாத பாகவதர், 'பாமா விஜயம்' (1967) படத்தில் மூன்று மருமகள்களோடு அல்லாடும் மாமனார், 'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தில் தவில்காரர் முத்துராக்கு, எல்லாம் அவர்தான். இப்போது முகம் ஞாபகம் வந்திருக்கும்.

இந்த நான்கு படங்களும் ஐந்து ஆண்டுகளுக்குள் வந்தவை. ஆனால் அவர் சினிமாவுக்கு வந்தது 1936இல். நமக்கு நன்றாகத் தெரிந்த பாலையா, அந்த நீண்ட வாழ்க்கையின் கடைசிப் பகுதியில் இருந்த பாலையா மட்டும்தான்.

எந்த ஊர்க்காரர்?

1914 ஆகஸ்ட் 23 அன்று சுண்டங்கோட்டையில் பிறந்தார். அன்றைக்கு அது திருநெல்வேலி மாவட்டம், இன்று தூத்துக்குடி மாவட்டம். பெயருக்கு முன்னால் இருக்கும் 'டி' திருநெல்வேலியைக் குறிப்பது.

தெலுங்குல 'பாலய்யா'ன்னு சொல்றாங்களே, அவரும் இவரும் ஒண்ணா?

இல்லை. தெலுங்கில் நந்தமூரி பாலகிருஷ்ணாவை ரசிகர்கள் பாலய்யா என்று அழைக்கிறார்கள். மன்னவ பாலய்யா என்று ஒரு தெலுங்குக் குணச்சித்திர நடிகரும் இருந்தார், 2022இல் மறைந்தார். இவர்கள் இருவருக்கும் நம் பாலையாவுக்கும் தொடர்பில்லை.

தமிழிலேயே இன்னொரு குழப்பம் உண்டு. டி.எஸ். துரைராஜ் என்ற நகைச்சுவை நடிகர் அதே காலத்தில் இருந்தார். தலைப்பெழுத்து ஒன்றாக இருப்பதால் பழைய படங்களின் நடிகர் பட்டியலை வேகமாகப் படிப்பவர்கள் இருவரையும் மாற்றிவிடுகிறார்கள்.

முதல் படம் எது? எம்.ஜி.ஆரும் அவரும் ஒரே படத்துலதான் அறிமுகம்னு சொல்றாங்களே?

உண்மைதான். 1936இல் வந்த 'சதி லீலாவதி'. எஸ்.எஸ். வாசன் எழுதிய கதை, எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கிய முதல் தமிழ்ப் படம். கதாநாயகன் எம்.கே. ராதா. எம்.ஜி.ஆர். சிறிய வேடத்தில் போலீஸ் இன்ஸ்பெக்டராக வருவார். என்.எஸ். கிருஷ்ணனும் தன் ஆரம்ப காலத்தில் இதில் நடித்தார். ஒரே படத்தில் இத்தனை பேர் சினிமாவுக்குள் நுழைந்திருக்கிறார்கள் என்பது எனக்கு இன்றும் ஆச்சரியமான விஷயம்.

அதில் பாலையாவுக்குக் கிடைத்தது கதாநாயகனைக் குடியிலும் கூடா நட்பிலும் இழுத்துவிடும் கெட்ட சிநேகிதன் வேடம். எம்.ஜி.ஆருக்குக் கிடைத்ததைவிடப் பெரிய வேடம் அது. கதாநாயகனாக ஆக எம்.ஜி.ஆருக்குப் பதினோரு ஆண்டுகள் தேவைப்பட்டன. பாலையாவோ முதல் படத்திலேயே வில்லனாக நிலைபெற்றுவிட்டார். அடுத்த ஆண்டே, அதாவது 1937இல், டங்கன் இயக்கிய 'அம்பிகாபதி'யில் எம்.கே. தியாகராஜ பாகவதருக்கு எதிராக ருத்ரசேனன் வேடம் வந்தது.

நாடகத்துல இருந்துதானே வந்தாரு? அது நடிப்புல தெரியுதா?

நன்றாகத் தெரியும். அந்தத் தலைமுறை நடிகர்களில் பெரும்பாலோர் நாடகக் கம்பெனிகளில் வளர்ந்தவர்கள்தான். சிறு வயதில் சேர்ந்து, அங்கேயே தங்கி, அங்கேயே சாப்பிட்டு, வாத்தியாரிடம் பாடம் படிப்பது அன்றைய வழக்கம். ஒரு பையன் ஒரு வேடத்தோடு நின்றுவிட முடியாது. இன்றைக்கு ராஜா, நாளைக்குச் சேவகன், குரல் உடையும் வரை பெண் வேடம், ஆள் வராத நாளில் யார் பாத்திரமாக இருந்தாலும் அதைத் தூக்கி நிறுத்த வேண்டும். நாடகம் முழுவதும் மனப்பாடமாக இருக்கும்.

ஒலிபெருக்கியை நம்ப முடியாத மேடைகள் அவை. கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவருக்கும் ஒவ்வோர் எழுத்தும் போய்ச் சேர வேண்டும். பாலையாவின் தமிழ் உச்சரிப்பில் அந்தப் பயிற்சி அப்படியே இருக்கிறது. ஒரு வாக்கியத்தை உச்சத்தில் தொடங்கி மெல்ல இறக்கி, முடிக்கிற இடத்தில் ஒரு சின்ன இழுப்பு இழுத்து விடுவார். அந்த இழுப்பை வைத்தே, முகம் திரையில் தெரியாதபோதும் பேசுவது பாலையா என்று சொல்லிவிடலாம்.

இளமையில அவரைப் பார்த்தா அடையாளமே தெரியலையே?

நாம் மனதில் வைத்திருப்பது ஐம்பது வயதுப் பாலையாவின் முகம். 'அம்பிகாபதி' வந்தபோது அவருக்கு 22, 23 வயதுதான். ஒல்லியான உடல், கூர்மையான பார்வை, வாளோடு நிற்கும்போது நல்ல மிடுக்கு. அந்தப் படத்தை முதல்முறை பார்ப்பவர்கள், பாதிப் படம் ஓடிய பிறகுதான் ருத்ரசேனன் யாரென்று கண்டுபிடிக்கிறார்கள். குரலைக் கேளுங்கள், முகத்துக்கு முன்னால் அது பிடிபடும்.

டங்கனுக்குத் தமிழ் தெரியாது என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். வசனத்தின் நயத்தைச் சொல்லித்தர அவரால் முடியாது. இளங்கோவன் எழுதிய வசனத்தை நடிகர்கள்தான் தங்கள் நாடகப் பழக்கத்திலிருந்து பேச வேண்டும். டங்கனிடமிருந்து கிடைத்தது கேமராவுக்கு முன்னால் எப்படி நிற்பது, எப்படி நகர்வது என்ற அறிவு. மேடைப் பேச்சும் திரைக்கான உடலசைவும் பாலையாவிடம் ஆரம்பத்திலேயே சேர்ந்துவிட்டன என்று நான் நினைப்பதற்கு இதுதான் காரணம்.

ஹீரோவா நடிச்சதே இல்லையா?

முக்கிய வேடங்களில் நடித்திருக்கிறார். 1948இல் வந்த 'மோகினி' படத்தில் எம்.ஜி.ஆரும் வி.என். ஜானகியும் ஒரு ஜோடியென்றால், பாலையாவும் மாதுரி தேவியும் இன்னொரு ஜோடி. அதற்கு முந்தைய ஆண்டு, எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனாக நடித்த 'ராஜகுமாரி'யிலும் பாலையா இருந்தார்.

ஆனால் அவர் கதாநாயகனாகவே தொடரவில்லை. அது நமக்கு நஷ்டமில்லை என்பது என் கருத்து. கதாநாயகன் என்றால் ரசிகர்களுக்குப் பிடிக்காததைச் செய்யக் கூடாது, பயப்படக் கூடாது, அசடு வழியக் கூடாது. பாலையாவின் திறமையே இந்தக் 'கூடாது'களில்தான் இருந்தது.

'வேலைக்காரி'யில அவர் வில்லன் இல்லையாமே?

ஆமாம், இந்த இடத்தைப் பலர் கவனிக்காமல் விட்டுவிடுகிறார்கள். அண்ணா எழுதிய 'வேலைக்காரி' 1949இல் படமாக வந்தது. கே.ஆர். ராமசாமி நடித்த ஆனந்தன், தன் தந்தையின் சாவுக்குக் காரணமான பணக்கார முதலியாரைக் கொல்லக் கத்தியோடு கிளம்புகிறான். அவனைத் தடுத்து, கத்தியைவிடப் புத்திதான் பெரிய ஆயுதம் என்று திசை திருப்பும் நண்பன் மணிதான் பாலையா. கதையே அந்த இடத்திலிருந்துதான் திரும்புகிறது.

அண்ணாவின் வசனம் எளிதானதல்ல. அடுக்கடுக்காக வரும், மூச்சு தவறினால் மேடைப் பேச்சாகிவிடும். பாலையா அதை ஒரு நண்பன் இன்னொரு நண்பனிடம் பேசுவதுபோலவே பேசுகிறார். கருத்துக் கனமான வசனத்தைச் சாதாரணப் பேச்சாக்குவது எப்படி என்று யாராவது கேட்டால், நான் முதலில் காட்டுவது இந்தப் படத்தைத்தான்.

வில்லனா இருந்தவர் எப்படிக் காமெடிக்கு மாறினாரு?

ஒரே நாளில் மாறவில்லை. வில்லனுக்குள்ளேயே சிரிப்பு நுழைந்தது, பிறகு சிரிப்பு பெரிதாகி வில்லன் காணாமல் போனான். இந்த மாற்றத்தை நடுவில் பிடிக்க வேண்டுமென்றால் 'தூக்குத் தூக்கி' (1954) பார்க்கலாம். இளவரசனாக வரும் சிவாஜியின் மனைவி லலிதா. அவளோடு கள்ள உறவு வைத்திருக்கும் வடநாட்டுச் சேட்டு பாலையா. செய்வது பெரிய துரோகம். ஆனால் அந்தச் சேட்டுத் தமிழும் குழைவும் சேர்ந்து, ஆளை வெறுத்துக்கொண்டே சிரிக்க வைத்துவிடுகின்றன.

அடுத்து 'மதுரை வீரன்' (1956). அதில் நரசப்பன். பொம்மியை அடையத் துடிக்கிறவன், ஆனால் மதுரை வீரனுக்கு எதிரில் நிற்கத் தைரியம் கிடையாது. பயந்தாங்கொள்ளி வில்லன் என்பது அப்போதைய படங்களில் அபூர்வம். எம்.என். நம்பியாரோ பி.எஸ். வீரப்பாவோ வந்தால் மிரட்டல் முதலில் வரும். பாலையா வந்தால் முதலில் ஆசை தெரியும், அதற்குப் பின்னால் பயம் தெரியும். ஒரு கெட்டவனின் பலவீனத்தைத் திரையில் காட்டத் தெரிந்தவருக்குக் காமெடி வெகுதூரத்தில் இல்லை.

எல்லாரும் 'காதலிக்க நேரமில்லை' கதை சொல்ற காட்சியைத்தான் சொல்றாங்க. அதுல அவர் பேசவே இல்லையே?

பேசாததுதான் விஷயம். முதலில் காட்சியின் பின்னணி: பாலையா எஸ்டேட் முதலாளி விஸ்வநாதன். மகன் செல்லப்பாவாக நாகேஷ். 'ஓஹோ புரொடக்‌ஷன்ஸ்' என்று கம்பெனி வைத்துக்கொண்டு படம் எடுக்கப் போவதாகத் திரிகிறான். அப்பாவுக்கு அவன் மேல் மதிப்பே கிடையாது. அந்த மகன் அப்பாவுக்குக் கதை சொல்கிறான். மனிதர்கள், இருட்டு, சத்தம் எல்லாவற்றையும் நாகேஷ் தன் வாயாலும் கையாலும் உடம்பாலும் உண்டாக்குகிறார்.

இப்போது அந்தக் காட்சியை இன்னொரு முறை போட்டு, நாகேஷை விட்டுவிட்டு பாலையாவை மட்டும் பாருங்கள். தொடங்கும்போது முகத்தில் இருப்பது அலட்சியம். இவன் என்ன கதை சொல்லிவிடப் போகிறான் என்ற நினைப்பு. கொஞ்ச நேரத்தில் கண்கள் மகனின் கையைத் தொடர ஆரம்பிக்கின்றன. பிறகு வாய் லேசாகத் திறக்கிறது. பிறகு உடம்பு நாற்காலிக்குள் ஒடுங்குகிறது. கடைசியில் அவர் முதலாளியும் இல்லை, அப்பாவும் இல்லை, ராத்திரியில் பேய்க்கதை கேட்கும் குழந்தை. இந்தப் படிகளில் ஒன்றைக்கூட அவர் தாண்டிக் குதிக்கவில்லை. முதல் சத்தத்துக்கே அலறியிருந்தால் காட்சி அங்கேயே தீர்ந்து போயிருக்கும்.

நாம் சிரிப்பது கதையைக் கேட்டு அல்ல. கதை என்று அதில் பெரிதாக ஒன்றுமே இல்லை! பயப்படுகிற மனிதரைப் பார்த்துத்தான் சிரிக்கிறோம். நாகேஷ் ஒவ்வொரு சத்தத்தையும் வீசும்போது, அது எங்கே போய் விழுந்தது என்று நமக்குக் காட்டுவது பாலையாவின் முகம். இருவரில் ஒருவரை எடுத்துவிட்டாலும் காட்சி நிற்காது. கிண்டல் செய்யும் மகனுக்கும் கண்டிப்பான அப்பாவுக்கும் இடையிலிருந்த அதிகாரம், அந்தச் சில நிமிடங்களில் தலைகீழாகிவிடுகிறது.

அப்போ பாராட்டு நாகேஷுக்கா பாலையாவுக்கா?

இருவருக்கும். ஆனால் உலகம் எப்படிப் பார்த்தது என்பதற்கு ஒரு உதாரணம் இருக்கிறது. 'காதலிக்க நேரமில்லை'யை இயக்கிய ஸ்ரீதர் இதே படத்தை 1966இல் 'பியார் கியே ஜா' என்று ஹிந்தியில் எடுத்தார். நாகேஷ் வேடத்தில் மெஹமூத், பாலையா வேடத்தில் ஓம் பிரகாஷ். அதற்காக மெஹமூதுக்குச் சிறந்த நகைச்சுவை நடிகருக்கான பிலிம்பேர் விருது கிடைத்தது. அவருக்குத் தகுதியான விருதுதான். கேட்டு நடுங்கியவருக்குத் தர ஒரு விருது அப்போது யாரிடமும் இருந்ததாகத் தெரியவில்லை.

ஓம் பிரகாஷ் பெரிய நடிகர். இரண்டு காட்சிகளையும் அடுத்தடுத்துப் பாருங்கள் என்று மட்டும் சொல்வேன்.

அந்த ஒரு காட்சியை விட்டா, படத்துல மத்த இடத்துல என்ன பண்றாரு?

படத்தின் முதுகெலும்பே அவர்தான். தான் வேலையை விட்டு அனுப்பிய அசோக் என்ற இளைஞன், வீட்டு வாசலில் கூட்டம் சேர்த்துக்கொண்டு வேலை கேட்டுப் பாட்டே பாடுகிறான், முதலாளி கொதிக்கிறார். அதே இளைஞன் பெரும் பணக்காரரின் மகன் என்று பொய்யாகத் தெரிந்ததும் அவரது முதுகு வளைகிற வேகம் இருக்கிறதே, அதற்கு வசனமே தேவையில்லை. பணக்காரத் தந்தையாக வேஷம் போட்டு வரும் முத்துராமனுக்கு அவர் காட்டும் பணிவில், பேராசை ஒரு துளிகூட ஒளிந்திருக்காது, வெளிப்படையாகவே நிற்கும். ஆனாலும் அந்த ஆள் மேல் நமக்குக் கோபம் வருவதில்லை. அவர் ஏமாறப் போகிறார் என்பது நமக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது. அந்த அறியாமையைக் கடைசி வரை உண்மையாக வைத்திருக்கிறார்.

'ஒரு நாள் போதுமா' பாட்டு அவரே பாடினதா?

இல்லை. 'திருவிளையாடல்' படத்தில் ஹேமநாதர் பாடும் அந்தப் பாட்டைப் பாடியவர் எம். பாலமுரளிகிருஷ்ணா, இசை கே.வி. மகாதேவன், வரிகள் கண்ணதாசன். ராகங்களின் பெயர்களையே வரிகளுக்குள் பொதிந்து, அந்தந்த இடத்தில் அந்தந்த ராகத்துக்கு மாறிப் போகும் ராகமாலிகை. வாயசைக்க மிகக் கடினமான பாட்டு. சங்கதியும் ஸ்வரமும் வரும் இடங்களில் பாலையாவின் தொண்டை, தாடை, கை எல்லாம் பாடகருடையவை போலவே நகர்வதால்தான் இந்தக் கேள்வியே வருகிறது. கேள்வி கேட்கப்படுவதே அவருக்குப் பாராட்டு.

ஆனால் ஹேமநாதரின் பெரிய காட்சி அந்தப் பாட்டு அல்ல என்பேன். அவர் தங்கியிருக்கும் வீட்டுத் திண்ணையில், விறகு விற்பவனாக வந்த சிவபெருமான் ராத்திரியில் பாடுகிறார். போட்டியில் ஹேமநாதரை எதிர்த்துப் பாட வேண்டிய பாணபத்திரர் தன்னைச் சீடனாக ஏற்க மறுத்துவிட்டதாக அந்த விறகுவெட்டி வேறு சொல்கிறான். தள்ளப்பட்ட சீடனே இப்படிப் பாடினால் குரு எப்படிப் பாடுவார் என்று நினைத்து, அந்தப் பெரும் வித்துவான் ஊரை விட்டே கிளம்பிவிடுகிறார். இங்கேயும் பாலையாவின் வேலை கேட்பதுதான். எஸ்டேட் முதலாளியின் நாற்காலியில் நடந்ததுதான் இங்கேயும் நடக்கிறது: அலட்சியத்தில் தொடங்கி, காது பிடிபட்டு, ஆள் கரைந்து போகிறார். ஓரிடத்தில் விளைவு சிரிப்பு, இன்னோரிடத்தில் கர்வபங்கம்.

'தில்லானா'வுல தவில் நிஜமாவே வாசிச்சாரா?

வாசிப்பு இசைக்கலைஞர்களுடையது. நாதஸ்வரத்துக்கு மதுரை எம்.பி.என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள் என்பது பலருக்கும் தெரியும். அதேபோல் தவில் ஒலியும் தேர்ந்த கலைஞர்களுடையது. பாலையா அதற்கு நடித்தார். ஆனால் தோளில் தவிலை மாட்டிக்கொண்டு உட்காருகிற விதம், நாதஸ்வரத்தை ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டு அடுத்த அடிக்குத் தயாராகும் தலையாட்டல், இவற்றை நிஜமான மேளக்காரர்களைப் பார்த்துத்தான் பிடித்திருக்க முடியும்.

தவில்காரர் நாதஸ்வரத்தைக் கேட்டுக்கொண்டே வாசிக்க வேண்டியவர். முத்துராக்கு கதையிலும் அதையேதான் செய்கிறார். சிவாஜி நடித்த நாதஸ்வரக்காரர் சிக்கல் சண்முகசுந்தரத்துக்குக் கோபம் வந்தால் இவர் தணிப்பார், சண்முகசுந்தரம் முறுக்கிக்கொண்டால் இவர் இறங்கிப் போவார். ரயில் பெட்டியில் சண்முகசுந்தரமும் மோகனாவும் கண்ணால் பேசிக்கொள்ளும்போது, அம்மா வடிவாம்பாளைச் சமாளிக்கிற பொறுப்பும் இவருடையதுதான். சிவாஜி, பத்மினி இருவரும் ஒரு வார்த்தையும் பேசாமல் காதலைச் சொல்ல முடிகிறதென்றால், சத்தத்தையெல்லாம் பாலையாவும் சி.கே. சரஸ்வதியும் ஏற்றுக்கொண்டதால்தான்.

அப்பா வேஷம்னா எல்லாம் ஒரே மாதிரிதானே இருக்கும்?

மூன்று படங்களை வைத்துப் பார்க்கலாம். 'பாகப்பிரிவினை' (1959) படத்தில் அவர் அண்ணன் வைத்தியலிங்கம், தம்பியாக எஸ்.வி. சுப்பையா. குழந்தை இல்லாத அண்ணன், மனைவியின் பேச்சைத் தட்ட முடியாதவர். வீட்டுக்கு நடுவில் சுவர் எழும்பும்போது அந்த மனிதர் படும் வேதனையில் சிரிப்புக்கு இடமே கிடையாது. பாலையா என்றாலே காமெடி என்று நினைப்பவர்களுக்கு இந்தப் படம் அதிர்ச்சியாக இருக்கும்.

'பாமா விஜயம்' படத்தில் மாமனார். வரவுக்கு மீறிச் செலவழிக்கும் மூன்று மகன்களையும் மூன்று மருமகள்களையும் பார்த்துக்கொண்டிருக்கும் பெரியவர். இங்கே சிரிப்பவர் அவர், சிரிக்கப்படுபவர்கள் மற்றவர்கள். கே. பாலசந்தர் அந்த வீட்டின் மனசாட்சியாக அவரை வைத்தார். அதே 1967 தீபாவளிக்கு வந்த 'ஊட்டி வரை உறவு' படத்தில், தன் பழைய ரகசியம் ஒன்று வெளியே வந்துவிடுமோ என்று மனைவி மக்களிடம் பயந்து பயந்து மறைக்கும் அப்பா. பிப்ரவரியில் நேர்மையின் உருவம், நவம்பரில் குற்ற உணர்ச்சியின் உருவம். இரண்டையும் ஒரே ஆள், மீசையையும் தலைமுடியையும் நம்பாமல், பேச்சின் வேகத்தை வைத்தே வேறுபடுத்தினார்.

ரங்காராவ், எம்.ஆர். ராதா, எஸ்.வி. சுப்பையா, பாலையா. இவங்கள்ல யார் பெரியவங்க?

தரவரிசை போடுவதில் எனக்கு விருப்பம் இல்லை, ஆனால் வித்தியாசத்தைச் சொல்லலாம். ரங்காராவ் உள்ளே வந்தாலே அந்த அறை அவருடையதாகிவிடும். எம்.ஆர். ராதா காட்சியைத் தன் பக்கம் இழுத்துக்கொள்வார். எதிரில் இருப்பவர் அவருடைய குரலுக்குத் தாக்குப்பிடிக்க வேண்டும். சுப்பையா ஒரு துக்கத்தை உள்ளே வைத்திருப்பார், அது கசிந்துகொண்டே இருக்கும்.

பாலையா எதிரில் இருப்பவருக்கு ஏற்ப மாறுவார். நாகேஷோடு இருக்கும் வேகம் வேறு, சிவாஜியோடு இருக்கும் நிதானம் வேறு. அவரோடு நடித்தவர்கள் எல்லோருமே அந்தக் காட்சியில் கொஞ்சம் கூடுதலாகப் பிரகாசிப்பதாக எனக்குத் தோன்றும். இப்படிப்பட்டவர்களை மறந்துபோவது சுலபம் என்பதால்தான் இவ்வளவும் எழுதுகிறேன்.

சிவாஜியையே தூக்கிச் சாப்பிட்டாருன்னு சொல்றாங்களே?

இந்தப் பேச்சு எனக்கு உடன்பாடில்லை. 'தூக்கிச் சாப்பிடுவது' நல்ல குணச்சித்திர நடிகரின் வேலையே அல்ல. சிவாஜியும் நாடகக் கம்பெனியில் வளர்ந்தவர், பாலையாவும் நாடகத்திலிருந்து வந்தவர். ஒருவர் எங்கே நிறுத்துவார், எங்கே தொடங்குவார் என்பது மற்றவருக்குத் தெரியும். 'தில்லானா'வில் சிவாஜி பேசும்போது பாலையா அநேகமாக அசைவதே இல்லை. முடித்த பிறகுதான் தன் முறையை எடுத்துக்கொள்கிறார். இதைப் போட்டியாகப் பார்த்தால் இருவரும் செய்துகொண்டிருக்கும் நுட்பமான வேலை கண்ணுக்குப் படாது.

இன்னைக்குப் பார்த்தா ஓவர் ஆக்டிங்கா தெரியுதே?

சில படங்களில் அப்படித் தோன்றும், மறுக்கவில்லை. நாடகப் பயிற்சியைப் பற்றி மேலே சொன்னதுதான் பாதிக் காரணம். மீதிப் பாதி அந்தந்தப் படத்தின் பாணி. 'திருவிளையாடல்' இயக்குநர் ஏ.பி. நாகராஜனும் நாடகத்திலிருந்து வந்தவர். அவருடைய புராணப் படங்களில் எல்லோருமே உயர்ந்த குரலில்தான் பேசுவார்கள். ஹேமநாதர் மட்டும் முணுமுணுத்தால் அரசவையில் அவர் காணாமல் போயிருப்பார்.

அதே நடிகர் ஸ்ரீதர் படத்தில் என்ன செய்கிறார் என்று பாருங்கள். கதை கேட்கும் காட்சியில் அவர் செய்வதெல்லாம் கண், வாய், தோள் என்று சின்னச் சின்ன அசைவுகள். படம் எந்த அளவில் பேசுகிறதோ அந்த அளவுக்குத் தன்னைக் கூட்டவும் குறைக்கவும் தெரிந்தவரை மிகை நடிகர் என்று சொல்ல என்னால் முடியாது.

இவ்வளவு பெரிய நடிகருக்குத் தேசிய விருது ஏன் கிடைக்கல?

அவர் காலத்தில் அப்படி ஒரு பிரிவே இல்லை. தேசியத் திரைப்பட விருதுகளில் சிறந்த துணை நடிகர் விருது 1984ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் தொடங்கியது. பாலையா அதற்குப் பன்னிரண்டு ஆண்டுகள் முன்பே மறைந்துவிட்டார். எஸ்.வி. சுப்பையா, நாகேஷ் ஆகியோரின் 1950, 60களின் சிறந்த வேடங்களுக்கும் இதே கதிதான்.

எப்போ இறந்தாரு? குடும்பத்துல வேற யாராவது நடிச்சிருக்காங்களா?

1972 ஜூலை 22 அன்று காலமானார். 58ஆம் பிறந்தநாளுக்கு ஒரு மாதம் இருந்தது. முதுமை என்று சொல்லக்கூடிய வயதே இல்லை. அவரை எப்போதும் அப்பாவாகவும் பெரியவராகவும் பார்த்ததால், நிறைய வயது வாழ்ந்தவர் என்ற எண்ணம் நமக்கு ஏற்பட்டுவிட்டது.

மகன் ரகு, ஜூனியர் பாலையா என்ற பெயரில் நடித்தார். 'சாட்டை' (2012) படத்தின் தலைமையாசிரியர் அவர்தான். 2023 நவம்பர் 2 அன்று அவரும் மறைந்தார். முகத்திலும் குரலிலும் அப்பாவின் சாயல் அப்படியே இருக்கும்.

சரி, எதுல இருந்து பார்க்க ஆரம்பிக்கலாம்?

'காதலிக்க நேரமில்லை'யில் தொடங்குங்கள். அது எல்லோருக்கும் பிடிக்கும். அப்புறம் உடனே 'பாகப்பிரிவினை'. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால்தான் அவருடைய வீச்சு தெரியும். மூன்றாவது 'திருவிளையாடல்', முழுப் படத்துக்கு நேரம் இல்லையென்றால் ஹேமநாதர் பகுதியை மட்டுமாவது, அவர் கிளம்பிப் போகும் காட்சி வரை பாருங்கள், பாட்டோடு நிறுத்திவிட வேண்டாம். அதன் பிறகு 'தில்லானா மோகனாம்பாள்', 'பாமா விஜயம்'.

பழைய கறுப்பு வெள்ளைப் படங்களின் ஒலிக்குப் பழகிவிட்டீர்கள் என்றால் 'தூக்குத் தூக்கி', 'வேலைக்காரி' என்று பின்னோக்கிப் போகலாம். 'அம்பிகாபதி'யைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள். 1937ஆம் ஆண்டுப் படத்தின் நடை பொறுமை கேட்கும். பாலையாவின் குரல் பழகிய பிறகு பார்த்தால் அந்தப் பொறுமை தானாக வரும்.